அக்கா அழைத்த கல்யாணம்

மண்ணெண்ணெயும் அச்சு மையும் கலந்த வாசம். இந்த மலரின் மாதிரிப் படியைப் பிரித்ததும் அதுதான் முதலில் வந்தது. பின்னாலேயே சாத்தூரில் ஓர் அச்சகத்து வாசலும், வெயிலும், வியர்த்த முகத்தோடு அக்காவும். எழுத்தெல்லாம் ஏன் சிவப்பில் இருக்கிறது, நினைவு மலருக்கு இது முறையா என்று மாதிரியைப் பார்த்தபோதே சிலர் கேட்டீர்கள். அதற்கும் சேர்த்துத்தான் எழுதுகிறேன். அட்டையில் பெயரைப் பார்த்திருப்பீர்கள். எனக்கு அவர் அக்கா. இங்கும் அக்காதான்.

சாத்தூருக்குக் கிழக்கே ஒரு கரிசல் ஊரில், மானாவாரிப் பருத்தி போட்ட வீட்டின் மூத்த பிள்ளையாகப் பிறந்தார். மழை பெய்தால் பேசும் வீடு, பெய்யாவிட்டால் வாய் திறக்காத வீடு. சிவகாசியை ஒட்டிய விஸ்வநத்தத்தில் வாழ்க்கைப்பட்டார். மகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்த வருஷமே அத்தான் மஞ்சள் காமாலையில் போய்விட்டார். அழுது முடிக்க நேரமில்லை. பட்டாசுக் கம்பெனியில் பெட்டி ஒட்டப் போனார் அக்கா. ஒட்டிய கை பிறகு எண்ணியது, எண்ணிய கை பிறகு பேக்கிங் பகுதி முழுவதையும் நடத்தியது. லோடு ஏறும் நேரத்தில் அவர் குரல் கேட்டால் லாரி டிரைவர்கள் பீடியை அணைத்துவிட்டு வெளியே நகர்வார்கள். அந்தச் சம்பளத்தில்தான் மகள் பொறியியல் படித்தாள்.

இத்தனை கம்பீரமும் கல்யாண மண்டபத்து வாசலில் மட்டும் எங்கேயோ போய்விடும். கடைசி வரிசையில், சுவர் ஓரமாக ஒரு நாற்காலி. யாரும் அங்கே போகச் சொன்னதில்லை. தாலி கட்டும் நேரம் நெருங்கினால், பந்தியில் இலை போட ஆள் இருக்கிறதா என்று பார்க்க எழுந்து போய்விடுவார்.

ஆகவே, மகளுக்குக் கார்த்திகையில் முகூர்த்தம் குறித்த அன்று அவர் சொன்னதைக் கேட்டு நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

“ஏலே தம்பி, எம்மக கல்யாணத்துக்கு நான்தாம்லே கூப்பிடுவேன். பத்திரிகைல முதப் பேரு எம்பேரு.”

நம் பக்கத்து வழக்கம் உங்களுக்குத் தெரியாததல்ல. கணவரை இழந்தவர் பெயரில் கல்யாண அழைப்புப் போவதில்லை. பங்காளிகளில் மூத்தவர் பெயர் மேலே ஏறும். அக்காவின் அழைப்பிதழோ அமைப்பிலேயே தனி. காலிப் பெட்டி அட்டையின் பின்புறம் அவரே வரைந்திருந்தார். விரித்தால் நடுவில் ஒரு புஸ்வாணம் எழுந்து நிற்க வேண்டும். அது சிதறும் பூக்களின் உச்சியில் அழைப்பவர் பெயர்.

நாட்டுக்கே அச்சடிக்கும் சிவகாசியில் இதற்கு ஓர் ஆள் கிடைக்கவில்லை. என் பைக்கின் பின்னால் அந்த அட்டையை மடியில் வைத்துக்கொண்டு வந்தார். தினசரி காலண்டர் சீசன். பெரிய இடங்களில் மிஷின் காலியில்லை. மற்ற இடங்களில் ஆல்பத்தை நீட்டி, ஒரு மாடலைத் தொடுங்கள், பெயரை மட்டும் மாற்றித் தருகிறோம் என்றார்கள். ஓரிடத்தில் புஸ்வாணத்துக்குச் சம்மதித்து விவரம் எழுதத் தொடங்கியவர், மேலே போட வேண்டிய பெரியவர் யார் என்று கேட்டார்.

“நான்தான் பெரியவ” என்றார் அக்கா.

அச்சகக்காரர் பேனாவை மூடி வைத்தார். கெட்டவரல்ல. நாளை ஒன்று கிடக்க ஒன்று நடந்தால் பிரஸ்காரனைத்தான் சொல்வார்கள் என்று வருத்தத்தோடு சொன்னார். விருதுநகரில் இன்னொருவர், அழைப்பவர் பெயரே இல்லாமல் அடித்துவிட்டால் யாருக்கும் மனக்கசப்பு இராதே என்று வழி சொன்னார். கூப்பிட ஆளே இல்லாத கல்யாணமா என்று அக்கா சிரித்தபடியே படியிறங்கினார். பைக்கில் ஏறியதும் அட்டையை முந்தானைக்குள் மூடிக்கொண்டார்.

சாத்தூர் பேருந்து நிலையத்தில் டீ குடிக்க நிறுத்தினேன். எதிர்ச் சுவரில் ஒரு கண்ணீர் அஞ்சலிச் சுவரொட்டி. அக்கா எழுந்துபோய் அதன் முன் நின்றார். இறந்தவர் தெரிந்தவரோ என்று பதறிப் போனால், படத்தைச் சுற்றிப் பூமாலை போல ஓரம் வெட்டியிருந்த நேர்த்தியை விரலால் தடவிக்கொண்டிருந்தார். பிறகு குனிந்து, அடியில் பொடி எழுத்தில் இருந்த அச்சகத்தின் பெயரைத் தேடினார்.

அந்த அச்சகத்து அண்ணாச்சி அட்டையை வாங்கிப் பார்த்தார். கண் மின்னியது. உடனே திருப்பிக் கொடுத்தார். தம் மிஷினில் ஏறுவதெல்லாம் கண்ணீர் அஞ்சலி, கருமாதிப் பத்திரிகை, நினைவு மலர். இந்த வாசலுக்கு முகூர்த்தப் பத்திரிகை கேட்டு யாரும் வந்ததில்லை, வரவும் கூடாது என்றார்.

அக்கா அங்கிருந்த காகிதக் கட்டின் மேல் உட்கார்ந்துகொண்டார்.

“அண்ணாச்சி, என்னைய மண்டபத்துல முன்னால நிக்க விடமாட்டாக. உங்க மிஷினை நல்ல காரியத்துல சேக்கமாட்டாக. நாம ரெண்டு பேரும் சேந்து ஒண்ணு அடிப்போம். என்ன ஆகுதுன்னுதான் பாப்பமே.”

அண்ணாச்சி மிஷினைத் திரும்பிப் பார்த்தார். பிறகு சட்டைக் கையை மடித்துவிட்டார்.

ஒற்றைக் கலர் மிஷின். எப்போதும் கறுப்பு ஓடும் உருளைகள். கல்யாணப் பத்திரிகையில் கறுப்பு ஆகாது. அக்கா கேட்டது குங்குமச் சிவப்பு. அண்ணாச்சி மண்ணெண்ணெய் ஊற்றித் துடைத்து, சிவப்பு மை ஏற்றிக் கழிவுத்தாளை ஓட்டினார். அக்கா தாளை வெளிச்சத்தில் பிடித்தார்.

“சிவப்புதான். ஆனா துக்கம் விசாரிச்சுட்டு வந்த சிவப்பா இருக்கு, அண்ணாச்சி.”

மறுபடி கழுவினார். மறுபடி தாள். மறுபடி அக்காவின் தலை இடமும் வலமும் ஆடியது. வாங்கின நாளிலிருந்து இந்த மிஷின் இப்படிக் குளித்ததில்லை என்று அண்ணாச்சி முனகினார். தீபாவளி எண்ணெய்க் குளியல் அதற்கும் உண்டு என்று வைத்துக்கொள்ளுங்கள் என்றார் அக்கா. வெயில் சாயும் நேரத்தில், கறுப்பின் நிழல்கூட இல்லாமல், ஒரு தாள் பூத்து வெளியே வந்தது. உச்சியில் அக்காவின் பெயர். அக்கா தாளைத் தொடவில்லை. முந்தானையில் கையை நன்றாகத் துடைத்துக்கொண்டு அதன் பிறகுதான் வாங்கினார்.

முதல் அழைப்பிதழைக் குலதெய்வத்தின் காலடியில் வைத்துவிட்டு, அடுத்ததைப் பெரியத்தான் வீட்டுக்குத் தாம்பாளத்தில் எடுத்துப் போனார். அத்தானின் அண்ணன், வழக்கப்படி மேலே ஏறியிருக்க வேண்டிய பெயர் அவருடையது. விரித்தார். புஸ்வாணம் எழுந்து நின்றது. மூக்குக் கண்ணாடியை ஏற்றி இறக்கிப் படித்தார்.

“எம்பேரு ரெண்டாவதா இருக்கே, தாயி.”

“ஆமா அத்தான். மொதல்ல பெத்தவ, அப்புறம் பெரியவுக.”

நான் வாசலில் செருப்பைத் தேடத் தொடங்கினேன். பெரியத்தான் அழைப்பிதழை மூடினார், மறுபடி திறந்தார், புஸ்வாணம் எழுவதை இன்னொரு முறை பார்த்தார். நம்ம ஊருக்கு நானே கொண்டுபோய் வைக்கிறேன், ஒரு கட்டுக் கொடு என்றார். அந்தப் பெருந்தன்மையை இந்த மலரில் பதிவு செய்வதில் எங்கள் குடும்பம் பெருமை கொள்கிறது.

கல்யாணத்தன்று மண்டப வாசலில் சந்தனக் கிண்ணத்தோடு அக்காதான் நின்றார். வந்தவர்களில் பாதிப்பேர் நீங்கள். அந்த நிற்பைப் பார்த்திருப்பீர்கள். கடைசி வரிசையில் ஒதுங்கி உட்கார்ந்த அச்சக அண்ணாச்சியைக் கைபிடித்துக் கூட்டி வந்து முன் வரிசையில் அமர்த்தினார். தாலி ஏறும்போது பந்திக்கூடத்துப் பக்கம் போகவில்லை. மகளின் பின்னால் நின்று, முதல் அட்சதையை அவரே போட்டார்.

பேரனைக் கொஞ்சிய கையோடு நோயும் வந்தது. கம்பெனியிலிருந்து முறை வைத்துக் கஞ்சி கொண்டுவந்த பெண்களுக்கு, மதுரை மருத்துவமனையில் ஊசி போடும்போதெல்லாம் அவர் கிண்டலைப் பொறுத்துக்கொண்ட செவிலியருக்கு, கடைசிப் பயணத்துக்குத் தோள் கொடுத்த விஸ்வநத்தம் மக்களுக்கு, பெரியத்தானுக்கு, எங்கள் கை கூப்பியே இருக்கிறது. காசு வேண்டாம் என்று மறுத்து இந்த மலரை அச்சிட்ட அண்ணாச்சிக்கு நன்றி சொல்ல எனக்கு வார்த்தை பற்றவில்லை.

மதுரையில், ஆபரேஷன் அறைக்குள் அவர் படுக்கையைத் தள்ளிய நேரம் அது. அக்கா என் சட்டை நுனியைப் பிடித்து நிறுத்தினார். மகளைப் பற்றி ஏதோ சொல்லப்போகிறார் என்று குனிந்தேன்.

“எனக்கு அடிக்கிறதையும் அவுககிட்டயே குடுலே. கறுப்பு வேண்டாம். அண்ணாச்சிய மிஷினைக் கழுவச் சொல்லு.”