கையெழுத்துக்குக் கீழே ஒரு கோடு

வரவு இடாப்பில் கையெழுத்து வைத்ததும் இரஞ்சிதம் தன் அடையாள அட்டையை அதற்குக் கீழே வைத்து, சிவப்புப் பேனையால் ஒரு கோடு இழுப்பாள். விசுவமடுப் பக்கத்துச் சின்ன ஆஸ்பத்திரி ஒன்றில் பதினொரு வருடமாகச் சம்பளமில்லாத தொண்டர். அங்கே தொண்டர்கள் தினமும், நாளுக்கொரு தாளில், பேரும் வந்த நேரமும் எழுதிக் கையெழுத்திட வேண்டும். மற்றவர்கள் இடும்வரை நின்று, கடைசியாகத் தானும் இட்டபிறகுதான் அந்தக் கோடு.

“என்ன இரஞ்சிதமக்கா, பேருக்கும் வேலி அடைக்கிறியளோ?” என்று இடாப்பை வைத்திருக்கும் இலிகிதர் பிரதாபன் சிரிப்பான்.

“வேலி இல்லாட்டிக் கண்ட மாடும் பூருமெல்லே தம்பி.”

இடம்பெயர்ந்து முகாமில் இருந்த காலத்தில், நிவாரணப் பட்டியலில் அவள் பேருக்குக் கீழே குடும்ப உறுப்பினர் என்று யாரோ ஒரு பேரைச் செருகி, அவள் போவதற்கு முதலே அவளுடைய மாவையும் பருப்பையும் வாங்கிப்போய்விட்டார்கள். அன்றிலிருந்து கடதாசியில் வெற்றிடம் கிடந்தால் அவளுக்குப் பொறுக்காது.

இரண்டு வருடங்களுக்கு முன் தொண்டர்களுக்கான நிரந்தர நியமனப் பட்டியல் ஒட்டினார்கள். அந்த ஆஸ்பத்திரிக்கு ஒரே ஒரு இடம். அதில் மேனுகா என்ற பேர் இருந்தது. அங்கேயே ஆறு வருடம் தொண்டராக வேலை செய்தவளாம். அந்தப் பிள்ளையை இரஞ்சிதம் ஒருநாளும் கண்டதில்லை. இரஞ்சிதத்துக்கு அப்போது நாற்பத்து நாலு. நாற்பத்தைந்து தாண்டினால் விண்ணப்பமே போட முடியாது.

“மேலையிருந்து வந்த லிஸ்ட் அக்கா, எனக்கென்ன தெரியும்?” என்றான் பிரதாபன். சொல்லும்போது மேசை லாச்சியை இரண்டு தரம் திறந்து மூடினான்.

அதன்பிறகு அவள் ஒருவரையும் நம்பவில்லை. சோற்றைப் பகிர்ந்து சாப்பிடும் தாதி நேசமலர் இப்போது குனிந்துகொண்டு போனார். விசாரித்தால், மேனுகாவின் வீடும் நேசமலரின் ஒழுங்கையில்தான். இவவும் கூட்டோ?

வவுனியாவில் சட்டத்தரணி சுதாஜினியைப் பிடித்தாள். இவள் கொண்டுபோன கோப்பைப் பார்த்துவிட்டு அவர் திருப்பிக் கொடுத்தபோது ஒவ்வொரு தாளாக எண்ணினாள்.

“என்னையும் நம்பேல்லையோ?”

“அப்பிடியில்லையம்மா. எண்ணிப் பாக்கிறது பழக்கம்.”

தகவலறியும் சட்டத்தின் கீழ் இடாப்பின் பிரதிகளைக் கேட்டு எடுத்தார்கள். தாளுக்குத் தாள் மேனுகாவின் பேர். இரஞ்சிதம் முதல் தாளைத் திரும்ப எடுத்தாள். பிறகு விரலை வைத்து மெல்லப் பார்த்துக்கொண்டு போனாள். எல்லாத் தாளிலும் அந்தப் பேர் கோட்டுக்குக் கீழே கிடந்தது. அதற்கு நேரே போட்ட நேரம் ஏழரை. கோட்டுக்கு மேலே இரஞ்சிதத்தின் நேரம் ஏழே முக்கால். கோட்டை அவளுடைய கிறுக்கு என்று நினைத்து, பிறகு பேரைச் செருகி எழுதியவர்கள் கவனிக்காமல் விட்டிருக்க வேண்டும்.

சுதாஜினி வாய்விட்டுச் சிரித்தார். “முதல் வந்தவா கடைசியிலை, அதுவும் கோட்டுக்குக் கீழை! ஆறு வருசமும் கியூவிலையே நிண்டவாவோ?”

வவுனியா மாகாண மேல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்கள். அடுத்த கிழமை நேசமலர் தண்ணீர்க்குழாயடிக்கு வந்தார்.

“அந்தப் பிள்ளை இங்கை வேலை செய்யேல்லை எண்டு நான் சத்தியக்கடதாசி தாறன்.”

“அப்ப ஏன் மிஸ் இவ்வளவு நாளும் கதைக்கேல்லை?”

“இடமாற்றம் தருவாங்களெண்டு பயந்தனான். இப்ப அது வந்திட்டுது. இனியென்ன பயம்?”

அந்தச் சத்தியக்கடதாசியை இரஞ்சிதம் எழுத்துக்கூட்டி மூன்று தரம் வாசித்தாள். பிழை ஒன்றும் அகப்படவில்லை. ஆனாலும், “கையெழுத்துக்குக் கீழை இடம் கிடக்குது மிஸ். ஒரு கோடு இழுத்துவிடுங்கோ” என்றாள். நேசமலர் சிரிக்காமல் இழுத்துக் கொடுத்தார்.

மேனுகாவின் நியமனத்துக்கு நீதிமன்றம் இடைக்காலத் தடை போட்டது. மூல இடாப்பைக் கொண்டுவரச் சொன்னது. முதல் தவணையில், ஆஸ்பத்திரிப் பக்கத்தார் தேடுகிறோம் என்றார்கள். அடுத்த தவணையில், வெள்ளத்தில் நனைந்து போனது என்றார்கள். அது இருந்த அலுமாரிக்குப் பக்கத்தில் இரஞ்சிதம் ஒருநாளும் வெள்ளத்தைக் கண்டதில்லை.

வைகாசியோடு அவளுக்கு நாற்பத்தாறு. வயதை எந்தத் திகதியில் கணிப்பது என்பதையும் நீதிமன்றம்தான் சொல்ல வேண்டும். அடுத்த தவணை புரட்டாதியில். மேனுகா வேலைக்கு வரவில்லை. இரஞ்சிதம் இன்னும் தொண்டராகத்தான் போய் வருகிறாள். அந்த இடம் காலியாகவே கிடக்கிறது.