இணைச்சீருக்கு நான் நிற்கவில்லை

தம்பி கல்யாணத்தன்று நான் செய்த காரியத்தை நினைத்தால் இன்றும் என்னை நானே நாலு அறை அறையலாம் போலிருக்கிறது.

மலையாள எல்லையோரத்து எங்கள் சித்தூர்ப் பக்கத்துக் கல்யாணங்களில் தாலி கட்டுவதற்கு முன் இணைச்சீர் நடக்கும். மாப்பிள்ளையின் அக்காவோ தங்கையோ கல்யாணப் பெண்ணைப் போலவே நகை பூட்டி வந்து, கூறைப் புடவையின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். மறுமுனை மாப்பிள்ளையிடம் இருக்கும். கூடப் பிறந்தவளுக்கு அந்த வீட்டில் உள்ள பாத்தியதையை ஊரறியச் சொல்கிற சீர் அது. புருஷன் உள்ளவள்தான் நிற்பது வழக்கம். என் வீட்டுக்காரர் தவறிப்போய் அப்போது ஆறு வருஷம் ஆகியிருந்தது.

தம்பி ஒரே பிடியாக நின்றான். "எனக்கிருக்கறது ஒரே அக்கா. நீதான் நிக்கோணும்." அம்மா எனக்கென்று பட்டுப்புடவையே எடுத்து வைத்துவிட்டாள். சீர் நடத்தித் தரும் அருமைக்காரருக்கு எழுபது தாண்டிவிட்டது, அவராவது தடுப்பார் என்று நம்பியிருந்தேன். அவரும், "இப்பெல்லாம் அதை ஆரு கண்ணு பாக்கறாங்க, தாராளமா நில்லு" என்றுவிட்டார்.

கிருஷிபவனில், அதாவது சர்க்கார் விவசாய ஆபீசில், வேலை பார்க்கிறவள் நான். ஸ்கூட்டர் ஓட்டுகிறேன், பொட்டு வைக்கிறேன், பூவும் வைக்கிறேன். யாராவது வாயைத் திறந்தால் என்னிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டுதான் போவார்கள். அப்படிப்பட்டவள், மேளம் கொட்டுகிற நேரத்தில் மண்டபத்துச் சாமான் அறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டேன். நான் நின்று, நாளைக்கு அவனுக்கு ஒன்று ஆகிவிட்டால்? கதவைத் தட்டித் தட்டிப் பார்த்துவிட்டு, பெரியப்பா மகளை நிறுத்தினார்கள். நான் வெங்காய மூட்டைமேல் உட்கார்ந்து அழுதேன். சீ, என்ன பிழைப்பு!

நாலாம் மாசம் தம்பி பைக்கிலிருந்து விழுந்து காலை முறித்துக்கொண்டான். ஆஸ்பத்திரிக்கு ஓடினேன். அவனைக் கட்டிலில் பார்த்ததும் மனதில் முதலில் வந்தது, நல்லவேளை, நான் நிற்கவில்லை என்பதுதான். அது முகத்தில் தெரிந்திருக்க வேண்டும்.

"நீ நின்னிருந்தா உன்னையச் சொல்லியிருப்பாங்கன்னுதான நெனைக்கற?" என்றான்.

நான் அவன் போர்வையை இழுத்துச் சரிசெய்தேன்.

"இப்ப உனக்குப் பதிலா நின்ன அந்த அக்காளை ஆராச்சும் ஒரு வார்த்தை சொன்னாங்களா?"

யாரும் சொல்லவில்லை. ரோட்டில் குழி என்றார்கள், அவ்வளவுதான்.

"வேற ஆராச்சும் தடுத்திருந்தா சண்டை புடிச்சிருப்பேன். நீயே கதவைச் சாத்திக்கிட்டா நான் ஆருகூடப் புடிக்கறது?" என்று கேட்டுவிட்டு முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டான்.