கால் மாத்திரையும் வாணாம்

நைனார்பாளையம் கடைத்தெருவில் மெடிக்கல் கடை வைத்திருந்தார் அவர். கண்ணாடி எப்போதும் நெற்றிமேல் ஏறியிருக்கும். சட்டைப்பையில் சின்னக் கத்தரிக்கோல் ஒன்று. யாருக்கு என்று கேட்காமல் அட்டையிலிருந்து ஒரு மாத்திரையும் வெட்டித் தரமாட்டார்.

ஆடி மாதத்து இரண்டாம் செவ்வாய், காலை பத்தரை மணி. என் பூனை இரண்டு நாளாக எதையும் தொடவில்லை. அதன் காதைத் தொட்டால் சுட்டது. அவரிடம் போய்க் காய்ச்சல் மாத்திரை கேட்டேன்.

"வூட்ல யாருக்கு சார்?"

"பூனைக்கு. கொழந்தைக்குக் குடுக்கிற மாதிரி கால் மாத்திரைதான், பால்ல கரைச்சு..."

எடுத்த கத்தரிக்கோல் பைக்குள் திரும்பிவிட்டது.

"இன்னா சார், படிச்சவரு நீங்க. இதுல நமக்கு ஜுரம் போவும், பூனைக்கு உசுரே பூடும். கால் மாத்திரையும் வாணாம். மாட்டாஸ்பத்திரி பன்னெண்டு வரைக்கும்தான், தூக்கிக்கினு ஓடுங்க."

ஓடினேன். டாக்டரும் அதையே சொல்லி, பூனைக்கான ஊசியைப் போட்டார். பூனை பிழைத்தது.

வெள்ளிக்கிழமை நன்றி சொல்லப் போனபோது, "உங்க வீட்லயும் பூனை இருக்கா?" என்று கேட்டேன்.

"எனக்கு ஆவாது சார். கிட்ட வந்தாலே தும்மல்" என்றவர், என் சட்டையில் ஒட்டியிருந்த முடியைப் பார்த்து இரண்டடி பின்வாங்கினார். பிறகு மூக்கைப் பொத்திக்கொண்டே, "இப்ப எப்பிடி கீது அது?" என்று கேட்டார்.