அக்கா ஒப்படைத்துப் போன குரல்கள்

ஒருவர் நம்பிச் சொன்ன வாழ்க்கைக் கதையை அவர் சம்மதம் இல்லாமல் வெளியிடக் கூடாது. இது எல்லோருக்கும் தெரியும். ஆனால், சம்மதம் கேட்பதே அவருக்கு ஆபத்தாக முடியும் என்றால் என்ன செய்வது? அக்கா மறைந்து ஒரு வருடம் ஆகிறது. எனக்கு இன்னும் பதில் தெரியவில்லை.

நினைவு மலர்க் கட்டுரையை இப்படித் தொடங்கலாமா என்பதும் தெரியவில்லை. “முதல்ல பொறந்தது, படிச்சது எழுது. உன் குழப்பத்தையெல்லாம் கடைசில வெச்சுக்கோ” என்றார் என் கணவர். சரிதான் என்று எழுதிப் பார்த்தேன், அடித்தேன், மறுபடி எழுதினேன். எப்படி எழுதினாலும் அக்காவின் வாழ்க்கை இந்தக் கேள்வியில்தான் வந்து நிற்கிறது.

அக்கா பிறந்தது கரக்பூர் ரயில்வே குவார்ட்டர்ஸில். அங்கே புதிதாக ஒரு தமிழ்க் குடும்பம் வந்தால் அம்மா முதல் நாளே போய்விடுவார். “எந்த ஊரு? யார் வீட்டுப் பொண்ணு? கூடப் பொறந்தவங்க எங்கெங்க இருக்காங்க?” காபி ஆறுவதற்குள் மூன்று தலைமுறை தெரிந்துவிடும். எப்படியும் ஓர் உறவு, இல்லாவிட்டால் உறவுக்கு உறவு கிடைத்துவிடும். ஊர் விட்டு ஊர் வந்த நமக்கு அது ஒரு பாதுகாப்பு. அம்மாவின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு கூடவே போன அக்கா அந்தக் கேள்விகளை அப்படியே கற்றுக்கொண்டார்.

அப்பாவுக்கு மாற்றலாகி நாங்கள் கல்கத்தாவில் ஜாதவ்பூருக்கு வந்தோம். அக்கா சரித்திரம் படித்தார். ஆராய்ச்சிக்கு எகிப்தைத் தேர்ந்தெடுத்தபோது வீட்டில் நடந்தது உங்களில் பலருக்கு நினைவிருக்கும். “ஏம்மா, மம்மிக்கா டாக்டர் பட்டம் வாங்கப் போறே?” என்றார் சித்தப்பா. அக்கா சிரித்துக்கொண்டே, “செத்தவங்களை வேற யாராவது பாத்துக்கட்டும் சித்தப்பா. நான் உசுரோட இருக்கறவங்களைப் பாக்கப் போறேன்” என்றார். அப்புறமும் பத்து வருடம் எல்லாக் கல்யாணத்திலும் அவரிடம் பிரமிடைப் பற்றித்தான் கேட்டார்கள்.

அவர் படித்தது வேறு. மன்னர் போய் ராணுவ அதிகாரிகள் ஆட்சிக்கு வந்தது, பெரிய பண்ணைகளின் நிலம் பிரித்துக் கொடுக்கப்பட்டது, ஏழை வீட்டுப் பெண்கள் பள்ளிக்கும் ஆலைக்கும் போகத் தொடங்கியது, பின்னால் வந்தவர்கள் ஆலைகளை விற்றது, ரொட்டி விலை ஏறியபோது ஜனங்கள் தெருவுக்கு வந்தது. இதெல்லாம் ஒரு வீட்டுச் சமையலறையில் எப்படித் தெரிந்தது என்பதுதான் அவருடைய கேள்வி. கல்லூரியில் வேலை கிடைத்த பிறகும் விடுமுறைகளில் கெய்ரோ போய், அங்கிருந்து நைல் வடிநிலத்தில் உள்ள ஒரு துணி ஆலை நகரத்துக்குப் போவார். அந்த நகரத்தின் பெயரை நான் இங்கே எழுதவில்லை. காரணம் இருக்கிறது.

மற்ற ஆராய்ச்சியாளர்கள் சம்பளம், சங்கம், வேலை நேரம் என்று கேட்டுத் தொடங்குவார்களாம். அக்கா தட்டுத்தடுமாறிய அரபியில் அம்மாவைப் போலத் தொடங்கினார். எந்த ஊர், யார் மகள், கூடப் பிறந்தவர்கள் எங்கே. ஒரு பெண், “என்ன, எனக்கு மாப்பிள்ளை பார்க்க வந்தாயா?” என்று கேட்டாராம். எல்லோரும் சிரித்திருக்கிறார்கள். அதன் பிறகு அந்தப் பெண்கள் எதையும் மறைக்கவில்லை. அக்கா எல்லாவற்றையும் ஒலிப்பதிவு செய்தார்.

பின்னர் கெய்ரோவில் சதுக்கம் நிறைய ஜனங்கள் கூடி, முப்பது வருட அதிபர் பதவியை விட்டுப் போனார். அந்தப் பெண்கள் அக்காவைப் போனில் கூப்பிட்டார்கள். ஆலையில் முதலில் வேலையை நிறுத்தி வெளியே வந்தது பெண்கள்தான்; பத்திரிகைகளில் வந்தது வேறு யார் யாருடைய படமோ. “எங்கள் பெயரைப் பெரிதாகப் போடு. நீ எழுதாவிட்டால் நாங்கள் செய்தது யாருக்குத் தெரியும்?” என்றார்கள். அந்த நாட்களில் அக்கா சமையல் செய்துகொண்டே பாடுவார்.

அதே வருடம் இங்கே வங்காளத்திலும் நெடுங்கால ஆட்சி மாறியது. “ரெண்டு இடத்துலயும் பரிவர்த்தன்” என்று இங்கத்திய மாற்றக் கோஷத்தை யாரோ சொன்னதற்கு அக்கா சீறிவிட்டார். “இங்க தோத்தவங்க சாயங்காலம் வீட்டுக்குப் போய் டீ குடிச்சாங்க. அங்க என்ன ஆகும்னு யாருக்குத் தெரியும்?”

ஆனது எல்லோருக்கும் தெரியும். தேர்தல் வந்தது, அதில் வென்றவரும் அகற்றப்பட்டார், மறுபடி ராணுவத்தின் கை ஓங்கியது. பேசியவர்கள் சிறைக்குப் போனார்கள். அக்கா கடைசியாக அங்கே போனபோது, மாப்பிள்ளை ஜோக் அடித்த அதே பெண் தொலைக்காட்சியைச் சத்தமாக வைத்துவிட்டு, மகளின் பரீட்சையைப் பற்றியும் தக்காளி விலையைப் பற்றியும் மட்டும் பேசினாராம். வாசலில் கட்டிக்கொண்டு, “வேண்டாம் என்று சொல்லவில்லை. எப்போது வெளியிடலாம் என்று நானே சொல்கிறேன்” என்றாராம். அந்தச் சொல் வரவே இல்லை.

அக்கா காத்திருந்தார். புத்தகம் வராததால் பதவி உயர்வு வரவில்லை. “உங்க அக்கா இன்னும் எழுதிட்டே இருக்காளா?” என்று என்னிடம் கேட்டவர்கள் இந்த மலரைக் கையில் வைத்திருக்கலாம். கோபமாக எழுதுகிறேனோ? இருக்கட்டும்.

நோய் முற்றி ஆஸ்பத்திரியில் இருந்தபோது கேட்டேன். “அக்கா, அந்தப் பதிவையெல்லாம் நான் என்ன பண்றது?”

“அவங்க சரின்னா வெளியிடு.”

“அவங்களை எப்படிக் கேக்கறது?”

“கேக்காதே. வெளிநாட்டுலேர்ந்து ஒரு போன் போனாலே போதும், அவங்களுக்குத்தான் கஷ்டம்.”

“அப்ப நான் என்னதான்டி பண்றது?” என்று கத்திவிட்டேன். நர்ஸ் எட்டிப் பார்த்தார். அக்கா கண்ணை மூடிக்கொண்டார். மறுபடி அதைப் பற்றிப் பேச அவருக்குத் தெம்பு இருக்கவில்லை.

இப்போது அக்காவின் முன்னாள் மாணவர் ஒருவர் வருகிறார். நல்ல பிள்ளை, அரபி தெரிந்தவர். ஒரு வெளிநாட்டு ஆவணக்காப்பகம் பதிவுகளை வாங்கிக்கொள்ளத் தயாராக இருக்கிறதாம். துர்கா பூஜைக்கு முன்னால் பதில் வேண்டுமாம். “தீதி, இது போயிட்டா அந்தப் பொண்ணுங்க நடத்தின போராட்டத்துக்கே சாட்சி இல்லை” என்று வங்காளியில் கெஞ்சுகிறார். பெயர்களை வெட்டிவிட்டால் போதாதா என்று அவரிடம் கேட்டேன். எங்கள் சால்ட் லேக் வீட்டில் பகல் முழுக்க உட்கார்ந்து வெட்டிப் பார்த்தோம். முடியவில்லை. அக்கா கேட்டது அம்மாவின் கேள்விகள் அல்லவா? இன்னாரின் மகள், இன்ன தெரு, இந்த மில்லில் வேலை பார்த்த மைத்துனர், அந்தப் பள்ளியில் படிக்கும் பையன் என்று கதை முழுவதும் உறவாகவே ஓடுகிறது. உறவை எடுத்தால் கதை இல்லை. உறவை விட்டால் அந்த ஊர்க்காரர் எவரும் ஆளைச் சொல்லிவிடுவார். சில காலம் பூட்டி வைப்பதாகக் காப்பகத்தார் சொல்கிறார்கள். பூட்டு யார் கையில், அந்தக் காலம் முடியும்போது அங்கே யார் ஆட்சி?

சித்தப்பாவுக்கு இதெல்லாம் பிடிக்கவில்லை. “அவ உசுரையே குடுத்த வேலைம்மா. புஸ்தகமாப் போட்டு அட்டைல அவ படத்தைப் போடு. நம்ம குடும்பத்துக்கே பெருமை.” என் கணவரோ, “எங்கியோ இருக்கறவங்க பிரச்சினை நமக்கு எதுக்கு? அழிச்சிட்டு நிம்மதியா தூங்கு” என்கிறார்.

அழிக்கத்தான் ஒருநாள் உட்கார்ந்தேன். அழிக்கும் முன் கைப்பேசியில் ஒரு பதிவைப் போட்டுக் கேட்டேன். எனக்கு அரபி ஒரு வார்த்தை தெரியாது. நடுநடுவே அக்கா சிரிப்பது மட்டும் புரிந்தது. கட்டிலில் விளையாடிக்கொண்டிருந்த என் பெண், “பெரியம்மா ஹாஷ்சே!” என்று ஓடி வந்தாள். பெரியம்மா சிரிக்கிறாளாம், அவளுக்கு வங்காளிதான் முதலில் வரும். கைப்பேசியை என் கையிலிருந்து பிடுங்கிக் காதில் வைத்துக்கொண்டாள். என்னால் அழிக்க முடியவில்லை. ஆனால் அதுவும் என் சௌகரியம்தானே? என் பெண் பெரியம்மாவின் சிரிப்பைக் கேட்பதற்காக, வேறொரு தாயின் பெண்ணை நான் ஆபத்தில் வைத்திருக்கிறேனா? மாப்பிள்ளை ஜோக் அடித்த பெண்ணின் மகள் இப்போது வளர்ந்து பெரியவளாகியிருப்பாள். அவள் படித்த பள்ளியின் பெயர் பதிவில் இருக்கிறது.

அக்காவின் நோயிலும் அதன் பிறகு இந்த ஒரு வருடத்திலும் எங்களைத் தாங்கியவர்கள் பலர். ஆஸ்பத்திரிக்கு முறை வைத்துக்கொண்டு வந்த அக்காவின் மாணவிகள், ஜாதவ்பூர் வீட்டுக்குத் தினமும் ரசம் சாதம் கொடுத்தனுப்பிய மாமி, எதிர் ஃபிளாட் வங்காளி மாஷிமா, கடைசி யாத்திரையில் கேட்காமலே தோள் கொடுத்த அக்கம்பக்கத்துப் பாடாப் பையன்கள், காரியங்களைப் பொறுமையாக நடத்திக்கொடுத்த சாஸ்திரிகள், ரயில் ஏறி வந்த உறவினர்கள் எல்லோருக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. சித்தப்பாவுக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன். அவர் இல்லாவிட்டால் அந்த வாரத்தை நான் கடந்திருக்க மாட்டேன்.

இன்னும் ஓர் உதவி கேட்கிறேன். படித்துவிட்டு எடுத்து வைத்துவிடாதீர்கள். எனக்குச் சொல்லுங்கள். கொடுக்கவா, பூட்டவா, அழிக்கவா? “உன் மனசுக்குப் பட்டதைச் செய்” என்று மட்டும் சொல்லாதீர்கள். என் மனசுக்குத் தினம் ஒன்று படுகிறது. அக்காவுக்கு எது பெருமை என்றும் யாரும் சொல்ல வேண்டாம், அது எனக்குத் தெரியும். பார்த்தே இராத அந்தப் பெண்களுக்கு எது நல்லது என்று யோசித்துச் சொல்லுங்கள். பூஜைக்கு முன்னால் சொன்னால் போதும்.