சித்தி முடி கொடுத்த நாள்

என் சித்தி மூன்று வருடமாக ஒரு தெலுங்கு சீரியலில் பொல்லாத மூத்த மருமகளாக நடித்துக்கொண்டிருந்தார். கதாநாயகியின் பாலில் எதையாவது கலப்பதும், கலந்த கையோடு நீளமான பின்னலை முன்னால் தூக்கிப் போட்டுக்கொண்டு சிரிப்பதும்தான் அவருக்கு வேலை. ஆந்திர எல்லையிலுள்ள நகரியில் எங்கள் தெருவில் பாதிப் பேருக்கு அவர்மேல் நிஜமாகவே கோபம். நாலாம் வகுப்பில் இருந்த எனக்கோ பெருமை தாங்காது. பள்ளியில் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள், பின்னல்காரியின் அக்கா மகள் என்றுதான் சொல்வார்கள்.

அந்த வேடம் கிடைத்தால் திருமலையில் மொட்டை போட்டுக்கொள்வதாகச் சித்தி வேண்டியிருந்தார். வேடம் கிடைத்துவிட்டது, மொட்டைதான் தள்ளிக்கொண்டே போனது. பின்னலைப் பார்த்துக் கொடுத்த வேடம், அதை எடுத்துவிட்டு ஷூட்டிங்கில் போய் எப்படி நிற்பது? ஹைதராபாத்துக்குப் போன் போட்டு அம்மா வாரம் தவறாமல் பயமுறுத்துவார்.

"சாமிகிட்ட வேண்டிக்கினு இப்படி டபாய்ச்சிக்கினே இருந்தா நல்லா இருக்காதுடி."

சித்தி சிரித்து மழுப்பிவிடுவார்.

ஒரு வெள்ளிக்கிழமை சொல்லாமல் கொள்ளாமல் இரண்டு பெட்டிகளோடு வந்து இறங்கினார். நாளைக்கே மலைக்குப் போய் முடி கொடுத்துவிடலாம் என்றார். அம்மாவுக்கு வாயெல்லாம் பல். நான் சோற்றுத் தட்டைத் தள்ளிவைத்தேன்.

"ஷூட்டிங்குக்கு எப்டி சித்தி போவ?"

"அத நான் பாத்துக்கறேன். நீ துன்னு மொதல்ல."

விக் வைப்பார்களோ? பின்னலைத் தூக்கிப் போடும்போது அதுவும் கையோடு வந்துவிட்டால்? மறுநாள் மலையேறும் பஸ்ஸில் வளைவுக்கு வளைவு இதே நினைப்புதான். சித்தியின் பின்னல் நுனியைக் கையில் பிடித்துக்கொண்டே போனேன். அவர் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார்.

முடி எடுக்கும் கூடத்தில் பெண்களுக்குப் பெண்களே சிரைத்தார்கள். மொட்டை போட முடியாத பெண்கள் அங்கே மூன்று கத்தரி கொடுப்பார்கள். நுனியில் மூன்று தரம் கத்தரித்துக் காணிக்கையாக விட்டால் போதும். அம்மாவே அப்படிக் கொடுத்ததை நான் பார்த்திருக்கிறேன். சித்தி குனிந்து உட்கார்ந்து, தலையில் தண்ணீரும் ஊற்றியாகிவிட்டது. எனக்குப் பொறுக்கவில்லை. குறுக்கே போய் நின்று, "மூடு கத்தெரலு சாலக்கா" என்று தெலுங்கில் சொன்னேன். மூன்று கத்தரி போதும் என்று.

சிரைக்க வந்த அம்மாள் கத்தியை நிறுத்திவிட்டுச் சித்தியைப் பார்த்தார். அந்த ஒரு நிமிஷம் நான் கும்பிடாத சாமியில்லை. சித்தி நிமிரவே இல்லை.

"குண்டே செய்யண்டி" என்று மொட்டையையே கேட்டார்.

அம்மா என்னை இழுத்து முதுகில் ஒன்று வைத்தார்.

தரிசனம் முடித்துக் கீழே திருப்பதிக்கு வந்து, பஸ் ஸ்டாண்டுக்கு எதிரில் ஓர் ஓட்டலில் டிபன் சாப்பிட உட்கார்ந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. டிவியில் சித்தியின் சீரியல் ஓடிக்கொண்டிருந்தது. எல்லோரும் வெள்ளை உடுத்தி அழுதுகொண்டிருந்தார்கள். சுவரில் சித்தியின் படம், பின்னல் முன்னால் தொங்க, கழுத்தை மூடி ஒரு சம்பங்கி மாலை.

"பீட ஒழிஞ்சிது" என்றார் அடுத்த மேஜைக்காரர். மொட்டைத் தலையில் சந்தனத்தோடு அவருக்கு இரண்டடி தள்ளி இட்லி தின்றுகொண்டிருந்தவரை அவருக்கு அடையாளம் தெரியவில்லை.

எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. "நான் சொன்னேன்ல சித்தி? மூணு கத்தரியோட உட்டுருந்தா உன் வேல போயிருக்காதுல்ல?"

அம்மா பிசைந்த கையை எடுக்காமல் தங்கையையே பார்த்தார். சித்தி தன் தட்டிலிருந்த வடையை எடுத்து என் தட்டில் வைத்தார்.

"ஆமாண்டி கண்ணு. உன் பேச்ச கேட்டிருக்கணும்."

அதன்பிறகு பல வருடம், சித்தியின் வேலையைக் கெடுத்தது அந்த மொட்டைதான் என்று கேட்டவர்களிடமெல்லாம் சொல்லித் திரிந்தேன். நீதான் அவசரப்படுத்தினாய் என்று அம்மாவிடமும் சண்டை போட்டிருக்கிறேன். இருவரும் என்னைத் திருத்தவில்லை. காலையில் முடி கொடுத்தவரின் படத்துக்கு அன்று மாலையே டிவியில் மாலை விழுந்ததென்றால், அதை எத்தனை நாள் முன்பே போட்டுப் படம் பிடித்திருப்பார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. வேலை போன பிறகுதான் அந்தத் தலைமுடி சித்திக்கே சொந்தமானது என்பதும்.