பெயர் சொல்லாத படம்

அறையில் அம்மா இருந்தார். அப்பா யன்னல் பக்கம். மொழிபெயர்க்க அக்கா. நான். கமராவுக்குப் பின்னால் படம் எடுக்க வந்த நவஹோ இனப் பெண். சுவரில் அண்ணையின் படம். அதற்கு மாலை இல்லை.

மொன்றியலில், பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் மூன்றாம் மாடி. எனக்கு எட்டு வயது. நான் இங்கே பிறந்தவன், அண்ணையைக் கண்டதில்லை. அவர் ஊரில், வன்னியில் நின்றவர், சண்டையின் கடைசியில் காணாமற் போனார். எனக்குத் தெரிந்தது அவருடைய சோறுதான். ஆளுக்கு ஒரு பிடி என்று அம்மா ஐந்து பிடி அரிசி போடுவார். அண்ணையின் பங்கு மிஞ்சும். காலையில் அதை முட்டை போட்டுப் பொரித்து எனக்குத் தருவார்.

அந்தப் பெண் அமெரிக்கப் பழங்குடி. தன் படத்தைக் காட்ட மொன்றியலுக்கு வந்தவர். எங்கள் தெரு மண்டபத்தில் போட்டார்கள். பள்ளிக்கூடம் என்று சொல்லிப் பிடித்துக்கொண்டுபோன பிள்ளைகளைப் பற்றி அவருடைய சனம் தாங்களே கதைத்தார்கள். அம்மாவுக்குப் பாஷை விளங்காது. அழுதார். முடிந்ததும் அந்தப் பெண்ணின் கையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. உங்கள் கதையையும் எடுக்கிறேன் என்றார் அவர்.

படம் எடுக்கிற அன்றைக்கு அம்மா கூறைச்சேலை உடுத்தார்.

“என்ன, கலியாண வீட்டுக்கே வெளிக்கிடுறாய்?” என்றார் அப்பா.

“பிள்ளை எங்கையாவது இருந்து பாப்பான். நான் பேர் சொல்லிக் கூப்பிட்டா எங்களுக்கு ஃபோன் எடுப்பான். நீங்கள் சும்மா இருங்கோ.”

கமராவைப் போடமுன் அந்தப் பெண் மெதுவாக ஏதோ கேட்டார். அக்கா தமிழில் சொன்னாள்.

“அவையின்ரை வீட்டிலை செத்தவையின்ரை பேரைச் சொல்லமாட்டினமாம். படத்திலையும் விடமாட்டாவாம். அண்ணை இருக்கிறாரோ எண்டு கேக்கிறா.”

“ஓம், இருக்கிறான் எண்டு சொல்லு,” என்றார் அம்மா.

அக்கா வாய் திறக்கமுன் அப்பா கதைத்தார். யன்னலைப் பார்த்தபடி.

“பேர் வேண்டாமெண்டு சொல்லு.”

“என்னப்பா கதைக்கிறியள்?”

“வேண்டாமெண்டு சொல்லு, பிள்ளை.”

அக்கா மொழிபெயர்க்கவில்லை. அந்தப் பெண் கேட்கவும் இல்லை. கமராவின் கண்ணை மூடினார். வந்து அம்மாவுக்குப் பக்கத்தில் நிலத்தில் இருந்தார்.

எனக்கு அப்பாமேல் கோபம். படத்தில் வருவேன் என்று வகுப்பு முழுக்கச் சொல்லிவைத்திருந்தேன். கமராவுக்கு வெட்கப்பட்டு இந்த மனிசன் குழப்பிவிட்டாரே என்று நினைத்தேன். அண்ணையின் முடிவை வன்னியில் கண்ட ஒருவர் எப்போதோ ஃபோனில் அப்பாவுக்குச் சொல்லிவிட்டார். அப்பா அதைத் தனக்குள்ளேயே வைத்திருந்தார். அதெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரியவந்தது.

அந்தப் பெண் போனபின் அம்மா சேலை மாற்றவில்லை. அப்படியே குசினிக்குப் போய் அரிசி வாளியைத் திறந்தார். நான் பின்னால் போய் நின்றேன்.

“அம்மா, நாளைக்கு முட்டைச்சோறு தாறியளே?”

அவர் வாளிக்குள் கை விட்டார்.

நாலு பிடி.