கடைசிக் குளத்தில் குளிக்காத கடா

சான் இலாரியோவில் சேபியாவிடம் வாயைக் கொடுத்து மீண்டவர் எவரும் இல்லை. பாதிரியாரே அவளைத் தூரத்தில் பார்த்துவிட்டால் சந்தைத் தெருவை விட்டு வாய்க்கால் ஓரமாகப் போய்விடுவார். சுருட்டின் நெருப்பு முனையை வாய்க்குள் வைத்துக்கொண்டே பாதி ஊரைத் திட்டித் தீர்க்கக்கூடியவள் அவள். புருஷன் ஸ்பானியர்களோடு நடந்த சண்டையில் போய்ச் சேர்ந்தான். அவன் விட்டுப்போனது ஒரு துண்டு வயலும் ஓர் எருமைக்கடாவும்தான்.

கடாவின் பெயர் கிட்லாத். மின்னல் என்று அர்த்தம். அந்த மின்னல் வயலை ஒரு சுற்றுச் சுற்றி வருவதற்குள் உலையில் சோறு வெந்து இறங்கிவிடும். ஆனாலும் கொள்ளைநோய் வந்து ஊர்க் கடாக்களை வாரிக்கொண்டு போன வருஷத்தில், அக்கம்பக்கத்து வயல்களையெல்லாம் அதுதான் உழுது கொடுத்தது. சேபியா அதைத் திட்டாத நாள் இல்லை. அதை ஒருநாளும் அடித்ததும் இல்லை.

ஸ்பானியர்களை விரட்ட வந்திருக்கிறோம் என்று சொல்லித்தான் அமெரிக்கர்கள் கப்பலில் வந்து இறங்கினார்கள். விரட்டவும் செய்தார்கள். அதற்குப் பிறகு நம் கட்டிலிலேயே காலை நீட்டிப் படுத்துக்கொண்டார்கள். ஸ்பெயின் நம் தீவுகளையெல்லாம் அவர்களுக்கே விலைபேசி விற்றுவிட்டதாம் என்ற செய்தி சந்தைக்கு வந்தபோது, ஊரே வியாபாரத்தை விட்டுவிட்டுக் கூடியது. சேபியா சுருட்டை வாயிலிருந்து எடுத்தாள்.

"ஏம்ப்பா, என் கடாவையும் சேர்த்தா வித்துப்புட்டான்?"

அழவேண்டிய நேரத்தில் எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

அடுத்த மழைக்காலம் முடியும்போது பதில் வந்தது. விட்காம் என்ற சார்ஜென்ட், வண்டி இழுக்க ஊரில் மிஞ்சிய கடாக்களைப் பிடிக்க ஆட்களோடு வந்தான். செம்பட்டை மீசை, வெயிலில் தோலுரிந்த மூக்கு. உடைந்த ஸ்பானிய மொழியில் பத்துப் பன்னிரண்டு சொல்லை வைத்துக்கொண்டு காலம் தள்ளுகிறவன். கிட்லாத்தின் மூக்கணாங்கயிற்றைத் தொட்ட சிப்பாய் அடுத்த நொடி வேலிக்கு அந்தப் பக்கம் கிடந்தான். இன்னொருவன் போனான். அவனும் சேற்றில் விழுந்தான்.

"அதுக்கு உங்க வாடை ஆகாது துரை," என்றாள் சேபியா. "எனக்கும்தான் ஆகலை. நான் பொறுத்துக்கிட்டேன், அது பொறுத்துக்கலை. கடா வேணும்னா நானும் கூட வருவேன்."

விட்காமுக்கு வேறு வழியில்லை. கிட்லாத் போனால்தான் மற்ற கடாக்களும் பின்னால் போகும் என்பதையும் பார்த்துவிட்டான். முதல் வண்டியில் கிட்லாத்தைப் பூட்டினார்கள். கயிற்றைப் பிடித்தபடி சேபியா நடந்தாள். பின்னால் வரிசையாக, சிப்பாய்களின் ரொட்டிப் பெட்டிகளைத் தவிர வேறொன்றும் இல்லாத வண்டிகள், இரண்டு பக்கமும் துப்பாக்கிக்காரர்கள்.

"எந்த ஊருக்குத் துரை?" என்று கேட்டாள்.

"மாபுலோ," என்றான் அவன். "நெல் எல்லாம் வண்டி. வீடு எல்லாம் நெருப்பு."

மாபுலோவில்தான் சேபியாவின் ஒரே மகள் தெயாங் இருக்கிறாள், தீட்டுக்கூடக் கழியாத பச்சைக்குழந்தையோடு. காட்டில் இருக்கும் போராளிகளுக்கு அந்தச் சிற்றூர் சோறு போட்டது என்று யாரோ போட்டுக்கொடுத்திருக்கிறார்கள். வீடு போனால் மூங்கில் வெட்டிக் கட்டிக்கொள்ளலாம். நெல் போனால் அடுத்த அறுவடைவரை எதைத் தின்பது? தாய் பட்டினி கிடந்தால் குழந்தைக்குப் பால் எங்கிருந்து வரும்?

முதல் குளம் வந்ததும் நுகத்தை அவிழ்த்தாள்.

"என்ன? என்ன?" என்று ஓடிவந்தான் விட்காம்.

"கடாவுக்கு வேர்க்காது துரை. தண்ணியிலயும் சேத்துலயும் போட்டு எடுத்தாத்தான் நடக்கும். இல்லைன்னா வெறி பிடிச்சுரும்."

அது பொய்யில்லை. கடா ஓட்டுகிற எவரும் இதைத்தான் சொல்வார்கள். எவ்வளவு நேரம் போட்டு எடுக்கவேண்டும் என்பதைத்தான் சேபியா சொல்லவில்லை.

குளத்தில் சேபியாவுக்குப் பழக்கமான லோலெங் என்பவள் துணி துவைத்துக்கொண்டிருந்தாள். கடாவின் முதுகில் தண்ணீரை இறைத்தபடியே சேபியா அவளை வைய ஆரம்பித்தாள். கரையில் நின்றவர்களுக்கு அது இரண்டு பொம்பளைகளின் வாய்ச்சண்டையாகத்தான் தெரிந்தது.

"ஏண்டி, மூஞ்சியைக் கோவமா வச்சுக்க. இவனுங்க என் மக ஊருக்குப் போறானுங்க. நெல்லை அள்ளத்தான். உன் தம்பி படகை எடுத்துக்கிட்டு ஓடு!"

லோலெங் துணியை ஓங்கிக் கல்லில் அடித்தாள். "ஐயோ அக்கா! அம்புட்டு நெல்லையும் ஆத்துக்கு அந்தாண்ட சேர்க்கணும்னா பொழுது சாயணுமே!"

"சாயட்டும். பொழுதை நான் பாத்துக்கறேன். நீ என்னைக் காறித் துப்பிட்டுக் கிளம்பு."

லோலெங் உண்மையாகவே துப்பிவிட்டுத்தான் போனாள்.

அடுத்த குளத்திலும் சேபியா நிறுத்தினாள். விட்காமுக்குக் கோபம் வந்துவிட்டது. "போதும்! நட!" என்று கத்தி எல்லா வண்டிகளையும் கிளப்பினான். கொஞ்ச தூரம்தான் போயிருப்பார்கள். மூன்றாவது வண்டிக்கடா வெயில் தாங்காமல் வண்டியோடு வாய்க்காலுக்குள் பாய்ந்தது. சிப்பாய்களின் ரொட்டிப் பெட்டிகள் தண்ணீரில் மிதந்தன. அதைத் தூக்கிக் கரையேற்றவே முன்பகலில் பாதி போய்விட்டது. விட்காம் தலையில் கைவைத்து உட்கார்ந்தான். சேபியா ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாமல் இருப்பது அவளுக்கு எவ்வளவு கஷ்டம் என்று ஊருக்குத் தெரியும்.

அதற்குப் பிறகு தண்ணீரைக் கண்ட இடத்திலெல்லாம் விட்காமே நிறுத்தினான். ஆனாலும் கடைசிக் குளத்துக்கு வந்தபோது சூரியன் உச்சியில்தான் நின்றது. அதைத் தாண்டினால் நீளமான மண்கரை. ஒரு வண்டி மட்டும் போகிற அகலம். இரண்டு பக்கமும் இடுப்பளவு தண்ணீர் நிற்கிற வயல்கள். கரை முடிகிற இடத்தில் மாபுலோவின் தென்னைகள் தெரிந்தன.

இங்கே இன்னொரு குளியல் போட்டால் கொஞ்ச நேரம் கிடைக்கும். அது போதாது. பொழுது சாயும்வரை வேண்டும். சேபியா கரையைப் பார்த்தாள். கிட்லாத்தைப் பார்த்தாள். அது ஏற்கெனவே கழுத்தைக் குளத்துப் பக்கம் திருப்பிக்கொண்டு, அவள் அவிழ்த்துவிடுவாள் என்று நின்றது.

"நில்!" என்றான் விட்காம் பெருமையாக. "கடா குளி! நல்லா குளி!"

"வேணாம் துரை," என்றாள் சேபியா. "இப்பத்தானே குளிச்சுது. போகலாம்."

கயிற்றை இழுத்தாள். கிட்லாத் நகரவில்லை. பக்கத்திலிருந்த மூங்கில் குச்சியை எடுத்து அதன் முதுகில் ஓங்கி அடித்தாள். அது திரும்பி அவளை ஒருமுறை பார்த்தது. பிறகு குளத்தை விட்டுவிட்டு நடந்தது.

என்ன நெஞ்சுரம் அவளுக்கு! வழி நெடுக அதன் காதோடு பேசிக்கொண்டே போனாள். திட்டவில்லை. அது வயல் தண்ணீரின் பக்கம் திரும்பியபோதெல்லாம் கயிற்றை இழுத்துப் பிடித்தாள். கரையின் நடுப்பாதியில் அதன் வாயில் நுரை தள்ளியது. நாக்கு வெளியே தொங்கியது. "இன்னும் நாலு அடி சாமி, என் ராசா," என்றாள். கிட்லாத் அந்த நாலு அடியையும் நடந்தது. பிறகு முன்னங்கால் மடங்கிக் குறுக்கே விழுந்தது. வண்டியும் அதோடு சாய்ந்து கரையை அடைத்துக்கொண்டது.

பின்னால் வந்த வண்டிகள் ஒன்றின்மேல் ஒன்று முட்டி நின்றன. திரும்ப இடமில்லை. தண்ணீர் வாசனை பிடித்த கடாக்கள் வண்டியோடு வயலுக்குள் இறங்கின. வண்டிகளை விட்டுவிட்டு முன்னே போகவும் அவர்களுக்குப் பயம். எந்த மூங்கில் புதரில் எவன் துப்பாக்கியோடு இருக்கிறானோ! சிப்பாய்கள் இழுத்தார்கள், தள்ளினார்கள், அவர்கள் பாஷையில் கெட்ட வார்த்தை எல்லாம் தீர்ந்துபோகும்வரை கத்தினார்கள். சேபியா கடாவின் தலையை மடியில் வைத்துக்கொண்டு வெயிலில் உட்கார்ந்திருந்தாள். அதன் மூச்சு நின்ற பிறகும் எழுந்திருக்கவில்லை.

விட்காம் அவள் முன்னால் வந்து நின்றான். "நான் சொன்னேன். குளி சொன்னேன்."

"ஆமாம் துரை," என்றாள் அவள். "நீங்க சொன்னதைத்தான் நான் கேட்டிருக்கணும்."

அவன் அவள் முகத்தையே பார்த்தான். பிறகு தென்னைகளைப் பார்த்தான். என்ன புரிந்ததோ, அவளை வீட்டுக்குப் போகச் சொல்லிவிட்டான்.

பொழுது சாய்ந்து அவர்கள் மாபுலோவுக்குள் போனபோது ஒரு மணி நெல்லும் இல்லை, ஓர் ஆளும் இல்லை. வெறும் குடிசைகளைக் கொளுத்திவிட்டுத் திரும்பினார்கள். ஆற்றுக்கு அந்தப் பக்கம் நெல்மூட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்து தெயாங் குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

அடுத்த நடவுக்கு மாபுலோ ஆண்கள் சொல்லாமல் கொள்ளாமல் வந்து, சேபியாவின் ஏரில் தங்களையே பூட்டிக்கொண்டார்கள். அவள் வரப்பில் நின்று, "கோணல்! கோணல்! என் கிட்லாத் இப்படியாடா உழுவான், சோம்பேறிப் பசங்களா!" என்று தொண்டை கட்டும்வரை திட்டினாள். திட்டிக்கொண்டே அழுதாள். முடிந்ததும் கருவாடும் சோறும் போட்டாள்.

பிறகு வெகுகாலம், வெயில் நாட்களில் அந்தக் கடைசிக் குளத்தங்கரையில் அவளைப் பார்க்கலாம். கையில் குச்சி, வாயில் சுருட்டு. கடாவை அவிழ்த்துத் தண்ணீரில் இறக்காமல் எந்த வண்டிக்காரனையும் கரைமேல் ஏற விடமாட்டாள். வெளியூர்க்காரர்கள் இதென்ன பைத்தியம் என்பார்கள். மாபுலோக்காரர்கள் வண்டியை விட்டு இறங்கி, தாங்களே நுகத்தை அவிழ்ப்பார்கள்.